அடங்கிய ஸ்டீயரிங்

காரை கிராமத்துப் பள்ளத்துக்குள் ஜீப் இறங்கியதும் வைரக்கண்ணுவுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. ஸ்டீயரிங் ஆடவில்லை.

ஆறு மாதமாக அது ஆடிய ஆட்டம் கொஞ்சமா நஞ்சமா! ஒரு கல்லில் டயர் ஏறினால் போதும், சாமி வந்த மாதிரி உதறும். டயர் மாற்றினார், புஷ் மாற்றினார், அடங்கவில்லை. கல்லாகிப்போன சிப்பிகளைப் பார்க்க வரும் கல்லூரிப் பிள்ளைகளை இந்த ஓடைகளுக்குள் ஏற்றிப் போவதுதான் அவர் பிழைப்பு. பிடிக்கு அடங்காத வண்டியில் ஊரான் வீட்டுப் பிள்ளைகளை எப்படி ஏற்றுவது? நாளைக்குத் திருச்சியிலிருந்து வேறு வருகிறார்கள்.

கடைசியில் லப்பைக்குடிக்காடு நசீர் பாய்தான் வழி சொன்னார். துபாயில் பாலைவன ஜீப்புகளுக்கு வேலை பார்த்துவிட்டு வந்த மெக்கானிக். ஷாக் அப்சார்பரைப் படுக்கப் போட்டாற்போல ஒரு குழாயை முன்பக்கம் மாட்டினார். ஸ்டீயரிங் டேம்பராம். சக்கரம் வாங்குகிற அடியை அது வாங்கிக்கொள்ளும், கைக்கு வராது என்றார். மேடுபள்ளமில்லாத மட்டமான இடத்தில் ஸ்டீயரிங்கிலிருந்து கையை எடுத்துப் பாருங்கள் என்றும் சொல்லியிருந்தார்.

ஓட்டிப் பார்க்கக் கிளம்பியபோது மனைவி வேம்பும் தானாக வந்து ஏறிக்கொண்டாள். அவருக்கு ஏகப் பெருமை. கொஞ்ச நாளாக டீயைக்கூட அரை டம்ளர்தான் ஊற்றுகிறாள், கஞ்சம் பிடித்தவள். அந்தக் கோபம்கூட மறந்துபோனது.

சாயங்கால வெயிலில் பள்ளமெல்லாம் மஞ்சளாக மிதந்தது. என்றைக்கோ கடலாகக் கிடந்த தரை. தண்ணீருக்கு அடியில் போவதுபோல ஜீப் அலுங்காமல் போனது. இப்படியே போய்க்கொண்டிருந்தால் தேவலை என்றிருந்தது அவருக்கு.

மட்டமான இடம் வந்தது. வேகத்தைக் குறைத்து, இரண்டு கைகளையும் மெல்ல எடுத்தார்.

ஸ்டீயரிங் அசையவில்லை.

அதற்கு மேலே, வெறும் காற்றில், அவருடைய கைகள் ஆடிக்கொண்டிருந்தன.

பிரேக்கை மிதித்தார். கைகளை மடியில் வைத்து, மறுபடி தூக்கிப் பார்த்தார். ஆடின. அவருக்குப் பயமாக இருந்தது.

"டீயை ஏன் அரை டம்ளரா ஊத்துறேன்னு நெனைச்சீங்க?" என்றாள் வேம்பு, ரொம்ப மெதுவாக. "தளும்பிக் கையில கொட்டிக்குவீங்கன்னுதாங்க."

அவர் இன்ஜினை அணைத்தார். சாவிக்கொத்தை உருவி அவளிடம் நீட்டினார்.

அவள் கைக்குப் போகும்வரை அது கலகலத்துக்கொண்டே இருந்தது. அப்புறம் சத்தமில்லை.