யானை தோற்ற மறுநாள்

எறும்பும் அணிலும் யானையும் கூட்டாக ஒரு பத்திரிகை நடத்தின. முதலாளி கிடையாது, ஆளுக்கு ஒரு ஓட்டு. காட்டில் யார் எவ்வளவு தின்கிறார்கள், யார் பட்டினி என்பதெல்லாம் அதில் வரும்.

அதிகம் தின்பது யானைதான் என்று இந்த மாதம் எறும்பு எழுதியது.

"இதைப் போடக்கூடாது," என்றது யானை.

மற்ற இரண்டும் போடலாம் என்றன. யானை தோற்றது.

எறும்புக்குப் பயம். யானை பத்திரிகைக் கட்டுகளைச் சுமந்து போகும் பாதையில்தான் அதன் புற்று, உள்ளே முட்டைகள்.

விடிந்ததும் தரை அதிர்ந்தது. முதுகில் பத்திரிகைக் கட்டுகளோடு யானை வந்து நின்றது.

"கோபமா அண்ணே?"

"கோபம்தான். நான் சுமக்கிறதைப் பத்தி ஒரு வரிகூட எழுதலையே நீ."

"அப்புறம் ஏன் இதைச் சுமக்கிறீங்க?"

"பத்திரிகை என்னுதும்தானே, தங்கச்சி. புற்று எங்கேன்னு காட்டு, சுத்திப் போறேன்."