கதவில்லாத பேங்க்

"ஒரு பேங்க்னா ஒரு கதவாவது இருக்க வேணாமா தம்பி?"

அத்தான் ஆரம்பித்துவிட்டார்.

அத்தான் என்றால் என் அக்கா வீட்டுக்காரர். மருந்துக்கடை வைத்திருக்கிறார். கல்லாவில் அவர்; எதிரே பிளாஸ்டிக் ஸ்டூலில் என் ஆபீஸ் நண்பரின் மகன். அக்கா மகளுக்கு நான்தான் இந்தப் பையனைச் சொன்னேன். இரண்டு பேரும் பார்த்துப் பேசி, பிடித்தும் போய்விட்டது. அப்பா தலையாட்ட வேண்டியதுதான் பாக்கி.

அந்தத் தலை லேசில் ஆடாது. முன்னால் பேசின ஒருவனுக்குத் துறைமுகத்தில் வேலை. "ஆளு நடையே சரியில்ல" என்றார். இன்னொருவன் வெளிநாடு. "ரொம்பச் சிரிக்கிறான், நம்பக்கூடாது" என்றார்.

"கிளையே கிடையாது சார். எல்லாம் ஆன்லைன்தான்," என்றான் பையன்.

"போர்டு?"

"இல்ல சார்."

"வாட்ச்மேன்?"

"வெப்சைட்டுக்கு எதுக்கு சார் வாட்ச்மேன்?"

"அதானே! காவலே இல்லாத எடத்துல ஊர்க்காரன் காசைப் போடச் சொல்றீங்க. அதுல உங்களுக்கு உத்தியோகம் வேற."

அலமாரிப் பக்கம் நின்றிருந்த அக்கா மகள், ஒரு பெரியவருக்கு மாத்திரை எப்படிச் சாப்பிட வேண்டும் என்று அதே விஷயத்தையே திரும்பத் திரும்பச் சொல்லிக்கொண்டிருந்தாள். பாவம், காது முழுக்க இங்கேதான்.

பையன் போனில் ஒரு லிங்க் அனுப்பினான். "இதுல எல்லா விவரமும் இருக்கு சார்."

"லிங்க்கெல்லாம் நான் அமுக்க மாட்டேன். நான் யோக்கியன்னு திருடனே எழுதிக் குடுத்தா வாங்கி வெச்சுக்கணுமா?"

"அத்தான், கொஞ்சம்..." என்றேன்.

"நீ சும்மா இருடா. உனக்கு யாரைப் பார்த்தாலும் நல்லவன்தான்."

கண்ணாடியை மாட்டிக்கொண்டு ஒற்றை விரலால் தானே தட்டினார். பேங்க் வெப்சைட்டின் அடிமட்டத்துக்கே போய்விட்டார். அங்கே எறும்பு சைஸில் நாலு வரி. மருந்துக்கடைக்காரருக்குப் பொடி எழுத்தெல்லாம் ஒரு பொருட்டா? வாய்விட்டே படித்தார்.

"இன்னொரு பேங்கோட வர்த்தகப் பெயர்னு போட்டிருக்கு. அப்படின்னா உங்க பேங்க் ஒரு பேங்கே இல்லையா?"

"பெரிய பேங்க் ஒண்ணு நடத்துறது சார். லைசென்ஸ் அவங்க பேர்ல இருக்கு."

"ஆஹா! அப்படி வாங்க வழிக்கு."

அடுத்து, பேங்குகளை மேய்க்கிற ஆணையத்தின் பட்டியலில் தேடினார். பையன் வேலை பார்க்கிற பேங்கின் பெயர் இல்லை. அத்தான் முகத்தில் அப்படி ஒரு சந்தோஷம். பெரிய பேங்கின் பெயர் இருந்தது. சந்தோஷம் போய்விட்டது. அப்பவும் விடவில்லை மனுஷன். ஆணையத்துக்கே போன் போட்டு ஸ்பீக்கரில் வைத்தார்.

"ஆமாங்க, அந்த வெப்சைட் அந்தப் பெரிய பேங்கோடதுதான். எங்க கண்காணிப்புலதான் இருக்கு," என்றாள் ஒரு பெண். "எல்லாரும் உங்கள மாதிரி விசாரிச்சா எங்களுக்கு எவ்வளவு நிம்மதி!"

அப்பாடா என்று மூச்சு விட்டேன். அக்கா மகள் முகமும் மலர்ந்தது.

அத்தான் கண்ணாடியைக் கழற்றினார். "எனக்கு ஒத்து வரல தம்பி."

"அதான் எல்லாம் சரியா இருக்கே அத்தான்!"

"என்னத்தச் சரி? பேரு ஒருத்தனுது, லைசென்ஸ் இன்னொருத்தனுது. நாளைக்கு லைசென்ஸ்காரன் கையை விரிச்சா இவங்க கதி? வேண்டாம். என் பொண்ணைக் குடுக்க மாட்டேன்."

அக்கா மகள் அப்பாவையே பார்த்தாள். கண்ணில் நீர் முட்டிக்கொண்டு வந்தது. உள்ளே போய்விட்டாள்.

பையன் எழுந்தான். "வரேன் சார்" என்று தன்மையாகச் சொல்லிவிட்டு நடந்தான்.

எனக்கு மானமே போய்விட்டது. பின்னாலேயே ஓடினேன். "தப்பா எடுத்துக்காதப்பா. அவருக்குச் சந்தேகப் புத்தி. கடவுளே நேர்ல வந்தாலும் அடையாள அட்டை கேப்பாரு."

"சந்தேகம் இல்ல அங்கிள். பயம்."

"பயமா? அவருக்கென்னப்பா பயம்?"

"அவரு எங்க பேங்கைத் தேடின மாதிரி, நானும் வர்றதுக்கு முன்னாடி மருந்துக் கட்டுப்பாட்டு வெப்சைட்ல இந்தக் கடையைத் தேடினேன். முதலாளி அவர்தான். ஆனா மருந்து குடுக்கப் படிச்சவங்கன்னு பதிவாகியிருக்கிறது அவரு பொண்ணு பேரு. அவங்க கல்யாணமாகி ஊரை விட்டுப் போயிட்டா, சம்பளத்துக்கு வேற ஆளை வைக்கணும். இல்லேன்னா கடையைச் சாத்தணும்."

எனக்குப் பொட்டில் அடித்த மாதிரி இருந்தது. அடப்பாவி மனுஷா! இத்தனை நாளும் மாப்பிள்ளைகளிடம் குறை கண்டுபிடித்தது இதற்குத்தானா? பெற்ற பெண்ணைக் கடையோடு சேர்த்துப் பூட்டி வைக்கப் பார்த்தாரே!

"இவ்வளவும் தெரிஞ்சுக்கிட்டு வாயை மூடிட்டு வந்துட்டியே! அங்கேயே போட்டு உடைச்சிருக்க வேண்டாமா?"

"பொண்ணு முன்னாடி அவரை எதுக்கு அங்கிள் தலைகுனிய வைக்கணும்?" என்றான். "எங்க வேலையை எந்த ஊர்ல உக்காந்தும் பார்க்கலாம். பக்கத்துத் தெருவுல ஒரு வீட்டுக்கு நேத்துதான் அட்வான்ஸ் குடுத்தேன், கல்யாணத்துக்கு அப்புறமும் அவங்க கடைக்கு நடந்தே வந்து போகட்டும்னு. பேங்க் யாரோடது, யார் கண்காணிக்கிறாங்கன்னு எல்லாத்தையும் துருவித் துருவிக் கேட்டாரு. பொண்ணை எங்கே குடிவைப்பேன்னு மட்டும் அவர் கேக்கவே இல்லையே அங்கிள்!"