டேப்பின் மறுமுனை

சர்வேயர் குனிந்து, வாசற்படியில் சிவப்புப் பெயிண்டால் பெரிதாக ஒரு பெருக்கல் குறி போட்டார். உள்ளே தையல் மெஷின் முன்னால் உட்கார்ந்திருந்தவளுக்கு அதைத் தன் நெற்றியிலேயே போட்டது மாதிரி இருந்தது.

"பார்த்தீங்களா! வீடு மொத்தமும் கம்பெனி இடத்துக்குள்ளதான் இருக்கு." புது முதலாளிக்கு வாயெல்லாம் பல்.

திவாலாகி மூடிப்போன வால்வு கம்பெனியின் சொத்தை அவர் கோர்ட் ஏலத்தில் எடுத்து ஒரு மாதம்கூட ஆகவில்லை. அதற்குள் கேட்டுக்குப் புதுப் பூட்டு, புது போர்டு, தொழிற்சாலைக் கூரைக்கு நீலப் பெயிண்ட். மிச்சமிருந்த ஒரே தொல்லை, பின்பக்கம் நின்ற இந்தச் சின்ன வீடுதான்.

கொடுமை என்னவென்றால், சர்வேயரின் உதவியாள் அன்றைக்கு லீவு. டேப்பின் மறுமுனையைப் பிடித்துக்கொண்டு மூலைக்கு மூலை ஓடியது அவளுடைய கணவனேதான். இருபது வருஷம் அதே கம்பெனியில் வெல்டராக இருந்தவன். வேலை போனது போதாதென்று, வீடு போவதற்கும் தானே அளவு பிடித்துக் கொடுக்கிறான். இப்படியும் ஒரு அப்பாவி உண்டா!

அவளுக்கு இருப்புக்கொள்ளவில்லை. தைத்த ஜாக்கெட் கையையே பிரித்து மறுபடி தைத்தாள். எழுந்து போய் அடுப்பை அணைக்கப் பார்த்தாள். அது எப்போதோ அணைந்திருந்தது. கடைசியில் பொறுக்க மாட்டாமல் வெளியே வந்துவிட்டாள்.

"சார், நாங்க ஆக்கிரமிக்கல சார். பழைய முதலாளியே என் மாமனார் கையப் பிடிச்சுக்கிட்டு, 'இது உனக்கு, அது எனக்கு'ன்னு சொல்லிக் கொடுத்த இடம். நாப்பது வருஷமா இங்கதான் இருக்கோம்."

"பத்திரம் இருக்கா?"

"அவரு வார்த்தைதான் சார்."

"அவரும் போய்ச் சேர்ந்தாச்சு, கம்பெனியும் போய்ச் சேர்ந்தாச்சு. வெறும் வார்த்தைய வச்சுக்கிட்டு நான் என்னம்மா பண்றது?" புது முதலாளி சத்தமாகச் சிரித்தார்.

சர்வேயர் சிரிக்கவில்லை. "உங்க மாமனார் பேரு என்னம்மா?" என்று கேட்டார். அவள் சொன்னதும் பதிவேட்டை முன்னும் பின்னும் புரட்டினார். பிறகு டேப்பைச் சுருட்டிக்கொண்டு தொழிற்சாலைப் பக்கம் நடந்தார்.

"அங்க எதுக்கு சார்? அதுலதான் தகராறே இல்லையே!"

"முழுசா அளந்தாத்தான் அறிக்கை எழுத முடியும்."

வெல்டர் மறுபடி டேப்பைப் பிடித்துக்கொண்டு பின்னாலேயே ஓடினான்.

அந்த அரை மணி நேரம் அவளுக்கு அரை வருஷமாக நகர்ந்தது. இந்தத் தெருவை விட்டுப் போனால் யார் அவளைத் தேடி வந்து தைக்கக் கொடுப்பார்கள்? பள்ளிக்கூடத்திலிருந்து வரும் மகளிடம் என்னவென்று சொல்வது? ஜன்னல் திரையைக் கழற்றி மடித்தாள். மனசு கேட்காமல் திரும்பவும் மாட்டினாள்.

திரும்பி வந்த சர்வேயர் வாசலிலேயே நாற்காலி கேட்டு உட்கார்ந்து எழுத ஆரம்பித்தார். "ரெண்டு தரப்பும் ஒத்துக்கிட்டு கையெழுத்துப் போடணும். வாய்ப்பேச்சா நடந்தது எதுவும் செல்லாது, பதிவேட்டுல யார் பேர்ல எந்த இடம் இருக்கோ அது அவங்களுக்கு. இப்படி எழுதலாமா சார்? நல்லா யோசிச்சுச் சொல்லுங்க."

"இதுல யோசிக்க என்ன இருக்கு? காலையிலேர்ந்து நான் இதைத்தானே கத்திக்கிட்டு இருக்கேன்! கொட்டை எழுத்துல எழுதுங்க." சர்வேயர் எழுதி முடித்ததும் புது முதலாளி பேனாவைப் பிடுங்காத குறையாக வாங்கி முதல் ஆளாகக் கையெழுத்துப் போட்டார்.

வெல்டர் பேனாவைக் கையில் வைத்துக்கொண்டு மனைவியைப் பார்த்தான். எதிர்த்துப் பேசிப் பழக்கமில்லாத மனுஷன். அவனும் போட்டுவிட்டான்.

"போட்டுட்டீங்களே!" அவளுக்கு அழுகை முட்டிக்கொண்டு வந்தது. "பிள்ளைய கூட்டிக்கிட்டு எங்கங்க போவோம்?"

"அழாதம்மா. நான் ஒண்ணும் ஈவு இரக்கம் இல்லாதவன் இல்ல," என்றார் புது முதலாளி தாராளமாக. "ஒரு வாரம் டைம் தர்றேன். சாமான் ஏத்த லாரியும் நானே அனுப்பறேன், போதுமா?"

சர்வேயர் பெயிண்ட் டப்பாவை மூடிவிட்டுத் தொண்டையைச் செருமினார்.

"சார், உங்க ஏலப் பத்திரத்துல இருக்கிற நிலம், இந்த வீடு நிக்கிற பின்பக்கம் மட்டும்தான். கம்பெனி பேர்ல இருந்ததே அவ்வளவுதான். உங்க தொழிற்சாலை நிக்கிற முன்பக்கம் இன்னிக்கு வரைக்கும் இவங்க மாமனார் பேர்ல இருக்கு. அந்தக் காலத்துல அந்த மாமனாரும் பழைய முதலாளியும் வாய்ப்பேச்சா இடத்த மாத்திக்கிட்டாங்க போல. யாரும் பதிவு பண்ணல."

புது முதலாளியின் முகத்தில் ஈயாடவில்லை. கையெழுத்துப் போட்ட காகிதத்தை எட்டிப் பிடிக்கப் போனார். சர்வேயர் அதை மடித்துப் பைக்குள் வைத்துவிட்டார்.

அவள் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். நீலக் கூரையை ஒரு தடவை நிமிர்ந்து பார்த்தாள்.

"லாரிய நீங்களே வச்சுக்குங்க சார், உங்களுக்குத்தான் தேவைப்படும்."