கிழக்கு மடுவின் தாழை ஓலை

அந்தத் தீவுக்கு இருபது வருஷம் தலைவராக இருந்தது ஒரு கூழைக்கடா. மீன்குஞ்சுகள் வளரும் கிழக்கு மடுவில் கம்பு நட்டு, கோடை தோறும் தாழை ஓலை கட்டிவிடும். மழை வரும்வரை அங்கே யாரும் வாய்வைக்கக் கூடாது. "எங்க வயித்துல அடிக்கவே பொறந்தீரா?" என்று கொக்கு தினமும் வையும்.

பதவியை விட்டு அக்கரை போன கூழைக்கடா, பல கோடை கழித்துப் பார்க்க வந்தது. கம்பு நின்றது, ஓலை இல்லை. 'எல்லாம் என்னோடு போச்சு' என்று மனசு விட்டுப்போய், பசிக்கு ஒரு மீன் எடுக்கக் குனிந்தது.

புது ஓலையோடு வந்த கொக்கு அதைக் கீழே வைத்தது. "பழசு காத்துல போச்சு. மழை வரட்டும், அண்ணாச்சி."

"நான் போட்ட கட்டுப்பாடுடா இது."

"அப்ப உமக்குத் தெரிஞ்சிருக்கணுமே."

வெறும் வயிற்றோடு கரையேறிய கூழைக்கடாவுக்கு, என்னமோ, ஏப்பம் வந்தது.