அடைப்புக்குறிக்குள் பூரிப்பு

தாளில் வசனமே இல்லை. அடைப்புக்குறிக்குள் ஒரே ஒரு சொல்: பூரிப்பு.

திரையில் ஒரு தாய், மேடையில் பரிசு வாங்கும் மகனைப் பார்த்தபடி நிற்கிறாள். அவளுக்கு நான் குரல் கொடுக்க வேண்டும். நான்கே நொடி.

டப்பிங்கில் எனக்கு இருபது வருஷம். கதறலா, விசும்பலா, கடைசி மூச்சா, கேட்ட மாத்திரத்தில் கொடுப்பேன். இந்த நான்கு நொடிக்கு ஏழு டேக் போய்விட்டது.

கண்ணாடிக்கு அந்தப் பக்கமிருந்து சவுண்ட் இன்ஜினியர் சொன்னார்.

"இது சிரிப்பு, அக்கா. பூரிப்பு இல்ல."

சிரிப்புக்குத் தொண்டை, அழுகைக்கு மூக்கு. பூரிப்பு எங்கிருந்து வரும் என்று அவரையே கேட்டேன். அது தெரிந்தால், தான் ஏன் இங்கே பட்டனைத் தட்டிக்கொண்டிருக்கப் போகிறேன் என்றவர், பத்து நிமிஷம் வெளியே நின்றுவிட்டு வரச் சொன்னார்.

மனசு ஓரிடத்தில் இருந்தால்தானே. அன்று காலை என் மகளுக்கு வேலைக்கான நேர்முகத் தேர்வு. அது இன்ஜினியருக்கும் தெரியும்.

மகளுக்குத் திக்குவாய். மற்றதை எப்படியாவது சுற்றி வளைத்துச் சொல்லிவிடுவாள். தன் பெயரில்தான் மாட்டிக்கொள்வாள். பெயருக்கு மாற்றுச் சொல் கிடையாதே. பள்ளிக்கூடத்தில், வங்கியில், டாக்டரிடம், யார் கேட்டாலும் நான் முந்திக்கொண்டு சொல்லிவிடுவேன். வாயுள்ள பிள்ளை பிழைக்கும் என்பார்கள். எங்கள் வீட்டில் இரண்டு பேருக்கும் சேர்த்து ஒரே வாய், அதுவும் என்னுடையது.

இன்றைக்கு நீ வர வேண்டாம் என்று சொல்லிவிட்டுத் தனியாகப் போனாள். அந்த வரியையும் நான்தான் முடித்து வைத்தேன்.

வெளியே தண்ணீர் கேன் பக்கத்தில் நின்று போனைத் திறந்தேன். மகளிடமிருந்து செய்தி வந்திருந்தது. எப்போதும் எழுதித்தான் அனுப்புவாள். இது குரல். பதினான்கு நொடி.

காதில் வைத்தேன். அவள் திக்கிய இடத்திலெல்லாம் என் வாய் முந்திக்கொண்டு ஓடியது. பதிவான குரல் எனக்காக நிற்குமா என்ன. கடைசிவரை அவளே பேசினாள்.

இரண்டாம் முறை கேட்டபோது வாயை மூடிக்கொண்டேன்.

உள்ளே போய் ஹெட்போனை மாட்டிக்கொண்டு, காட்சியைப் போடச் சொன்னேன்.

எட்டாவது டேக். என்ன செய்தேன் என்று எனக்கே தெரியாது. நெஞ்சு நிறைந்து ஒரு மூச்சு வெளியே வந்தது, அவ்வளவுதான். இன்ஜினியர் எழுந்தே நின்றுவிட்டார். பொண்ணுக்கு வேலை கிடைத்துவிட்டது போலிருக்கிறதே, ஸ்வீட் எங்கே என்று கேட்டார்.

பதில் சொல்ல வாயெடுத்தவள் நிறுத்திக்கொண்டேன். போனை மைக்குப் பக்கத்தில் பிடித்து, அவளையே பேசவிட்டேன்.

"வே... வேலை கிடைக்கலம்மா. ஆனா, பே... பேர் கேட்டாங்க. நா... நானே சொன்னேன்."