தழை கட்டிய வீடு

ஜாங் பாவ் என்ற பெரியவரை வழிகாட்டிப் பெண் சுவா கடைசியாக உயிரோடு பார்த்தபோது, அவர் முக்காலியில் ஏறி நின்று வாசல் நிலையில் பச்சைத் தழை கட்டிக்கொண்டிருந்தார்.

சுவாவுக்குப் பின்னால் நான்கு வெள்ளைக்காரர்கள் மழையில் நனைந்தபடி நின்றார்கள். மலை ஏறி இறங்கி நடக்க ஆரம்பித்து மூன்றாம் நாள். அவர்களில் ஒரு அம்மாளுக்குக் கணுக்கால் வீங்கி, மூங்கில் கழியை ஊன்றித்தான் நடை.

ஹ்மாங் என்னும் அந்த மலை மக்களின் வீட்டு வாசலில் தழை தொங்கினால் வெளியாள் உள்ளே நுழையக் கூடாது. பிள்ளை பிறந்திருக்கும், அல்லது நோய்க்குப் பூசை போட்டிருப்பார்கள். காரணம் கேட்பது மரியாதை இல்லை.

சுவா கேட்டாள்.

"யாரு பெரியப்பா பிள்ளை பெத்தது? உங்க பன்னியா?"

"ஆமா. அதுவும் என் வீட்டு ஜனம்தானே."

"போன தடவை?"

"போன தடவை பூசை."

"அதுக்கு முந்தின தடவை?"

"அப்பவும் பன்னிதான்." அவர் முடிச்சை இறுக்கினார். "நல்லா குட்டி போடுற பன்னி."

சுவாவுக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

"விளையாடாதீங்க. ராத்தங்கலுக்கு டூரிஸ்ட் ஆபீஸ்ல உங்க வீட்டைத்தான் எழுதியிருக்கு. நீங்களே போய்ப் பேர் குடுத்தீங்க. தனி அறை வேற கட்டினீங்க. ஆளைக் கூட்டிட்டு வந்தா மட்டும் தழை! அந்தம்மா காலைப் பாருங்க. இன்னொரு ஏத்தம் ஏறுவாங்களா?"

பாவ் அந்தக் காலைப் பார்த்தார். பிறகு இறங்கிப் போய்க் கொட்டிலிலிருந்து தன் குதிரையை அவிழ்த்து வந்தார்.

"இதுல ஏத்திட்டுப் போ. மேல கியா வீட்ல இடமிருக்கும். அங்க போனதும் குதிரையை அப்படியே விட்ரு, தானா வந்துரும்."

"குதிரை குடுப்பீங்க, கூரை குடுக்க மாட்டீங்களா?"

"தழை கட்டியாச்சே, புள்ள."

மேலே தனியாக நின்ற கியா வீட்டுக்கு அவளுக்கு வழி நன்றாகவே தெரியும். பாவ் கதவை மூடும்போதெல்லாம் அங்கேதானே போகிறாள்.

கியாவைச் சின்ன வயதில் எல்லைக்கு அந்தப் பக்கம் கடத்திக்கொண்டுபோய் விற்றுவிட்டார்கள். பல வருடம் கழித்து, கையில் ஒரு பெண் குழந்தையோடு தப்பி வந்தாள். அவள் கை பட்ட சோற்றை ஊரில் யாரும் தொடுவதில்லை. வெளிநாட்டுக்காரர்களுக்கு அதெல்லாம் தெரியாது. இஞ்சி போட்ட கோழிக் குழம்பை வாங்கி வாங்கிக் குடித்தார்கள். கால் வீங்கிய அம்மாளுக்குக் கியா ஏதோ இலையை அரைத்துக் கட்டிவிட்டாள்.

அறுவடை முடிகிற சமயத்தில், பாவ் செத்துப்போன செய்தி சந்தைக்கு வந்தது. காட்டில் விறகு வெட்டும்போது நெஞ்சு வலியாம்.

"பொய்த் தழை கட்டினா வீட்டைக் காக்குற ஆவி சும்மா விடுமா?" என்றாள் துணிக்கடைக்காரி.

"பெரிய வீடு, சின்ன மனசு," என்றாள் சுவா.

அடுத்த கூட்டத்தை அழைத்துக்கொண்டு அவள் அந்த ஊருக்குப் போனபோது, பாவின் மனைவி வாசலில் மக்காச்சோளம் உதிர்த்துக்கொண்டிருந்தாள். நிலையில் தழை இல்லை. சுவாவுக்கு அப்பாடா என்றிருந்தது.

வந்தவர்களை மதில் ஓரமாக உட்காரச் சொல்லிவிட்டுத் துக்கம் விசாரித்தாள். பிறகு மெதுவாக ஆரம்பித்தாள்.

"பெரியம்மா, இனிமேலாவது இங்கயே தங்கிக்கலாமா?"

"இடம் கிடையாது."

"இவ்வளவு பெரிய வீட்லயா?"

"அவரு மாதிரி தழை கட்டிட்டு ஆவிகளைச் சமாதானம் பண்ண எனக்கு வராது. அதான் நேராவே சொல்றேன். மேல கியா வீட்டுக்குப் போ."

சுவா எழுந்துவிட்டாள். "புருஷனும் பொண்டாட்டியும் ஒரே அச்சுதான்."

"உட்காரு புள்ள." பெரியம்மா சோளத்தைக் கீழே வைத்தாள். "கியா வீட்டுக்கு ஆள் அனுப்புங்கன்னு ஆபீஸ்ல சொன்னா, எழுத நம்ம ஊர்த்தலைவர் விடுவாரா?"

"விட மாட்டாரு."

"அவ வீட்ல தங்குன்னு மொதல்லயே சொல்லியிருந்தா, நீதான் தங்கியிருப்பியா?"

சுவா மறுபடி உட்கார்ந்தாள்.

"அதான் எங்க பேரை எழுதச் சொன்னாரு. ஊரு நம்பணும்னு ஒரு அறையும் கட்டினாரு. 'அங்க போன்னு சொன்னா ஊரே கூடிப் பேசும். நாம கதவைச் சாத்தினா மழையே அனுப்பி வச்சிரும்'னாரு. வீட்டு ஆவிகளுக்குப் பொய் சொல்லலாமான்னு நான் சண்டை போட்டேன். அதுங்ககிட்ட நான் தனியாப் பேசிக்கிறேன்னாரு."

"கியா உங்களுக்கு என்ன உறவு, பெரியம்மா?"

"உறவா? அவ வேற குலம், நாங்க வேற குலம். தூக்கிட்டுப் போனப்போ எந்த ஊர்க்காரனும் தேடிப் போகலை. திரும்பி வந்தவளுக்கு இந்தத் தங்கல் காசுல சோறாவது கிடைக்கட்டும்னாரு."

விருந்தாளிகளுக்கென்று பாவ் கட்டிய அறையில் இதுவரை ஒருவரும் படுத்ததில்லை. இந்த வருடம் அதில் விதைச்சோளம் கிடக்கிறது.