சிவப்பு விளக்கு

புயல் ஓய்ந்த காலை. காரைக்கால்மேட்டில் மின்சாரமும் இல்லை, தொலைபேசியும் இல்லை. வீட்டிலிருந்தே ரேடியோ அலையில் வெளியூர்க்காரர்களோடு பேசும் அமெச்சூர் ரேடியோக்காரன் ராஜ்மோகனின் மேசையில், கார் பேட்டரியின் தயவில் ரேடியோவும் மடிக்கணினியும் விழித்திருக்கின்றன. தாமரைச்செல்வி ஈரச் சேலையோடு நிற்கிறாள். கணவன் நீலமேகத்தின் படகு கோடியக்கரையில் ஒதுங்கியதா என்று அவளுக்குத் தெரிய வேண்டும். அங்கேயும் ஒரு ரேடியோக்காரர் இருக்கிறார். ஆனால் குரலை இரைச்சல் விழுங்கிவிடுகிறது. எழுத்துகளைக் கணினி மெல்லிய விசில்களாக மாற்றிக் கொடுத்தால், ரேடியோ அவற்றை இரைச்சலுக்குள்ளும் கடத்திவிடும். இரண்டையும் இணைப்பது ஒரு யுஎஸ்பி ஒயர். ஒயர் மாட்டித்தான் இருக்கிறது, ரேடியோ அசையவில்லை.

“என்னாச்சு தம்பி?”

“நேத்து பென் டிரைவ் சொருக இதை உருவுனேன்க்கா. திரும்ப வேற ஓட்டையில மாட்டிட்டேன். ஓட்டை மாறுனா கம்ப்யூட்டருக்கு இது புது ஆளு, புது நம்பர் குடுத்துடும். புரோகிராம் பழைய நம்பர்லயே காத்துக் கெடக்கு.”

“கூடைய மாத்தி வச்சா எங்க மீனு எங்களுக்குத் தெரியாதா? என்னா கம்ப்யூட்டரோ!”

ராஜ்மோகன் ஒயரை உருவிப் பழைய துளையில் செருகுகிறான். ரேடியோவில் சிவப்பு விளக்கு எரிகிறது. அவன் தட்டிய கேள்வி விசில்களாகப் போகிறது.

“இன்னொருக்கா கேளுங்க தம்பி. அவுக பேரையும் போடுங்க.”

“செவப்பு எரியிற வரைக்கும் இது பேச மட்டுந்தான் செய்யும்க்கா, காது அடைச்சிருக்கும். நாம நிறுத்துனாத்தான் அவங்க பதில் விழும்.”

விளக்கு அணைகிறது. மடிக்கணினியின் நீலத் திரையில் இரைச்சல் மஞ்சள் தூறலாக இறங்குகிறது. ஓர் எழுத்தும் வரவில்லை. தன் சத்தத்திலும் பதில் விழாமல் போய்விடுமோ என்று, தாமரைச்செல்வி அழுகை வெளியே வராதபடி முந்தானையை வாய்க்குள் திணித்துக்கொள்கிறாள்.